ராபர்ட் ஃபிரிப்பின் இசைப் பயணத்தில் நம் உறுமிக் குழுக்களுக்கு என்ன இருக்கிறது?

லயத்துக் கிட்டார் (சுங்கை சிப்புட்)

எல்லோருக்கும் வணக்கம். எங்கள் பக்கத்துத் தோட்டத்து உறுமிக் குழுப் பையன்களோடு ஞாயிற்றுக்கிழமைகளில் சேர்ந்து வாசித்து வருகிறேன். தைப்பூசத்துக்கும் மாரியம்மன் திருவிழாவுக்கும் அடிக்கிறவர்கள். பகலில் சிலர் செம்பனைத் தோட்டத்தில், சிலர் ஈப்போ பக்கத்துத் தொழிற்சாலைகளில். அவர்கள் அடிக்கு மேல் கிட்டாரை எங்கே வைப்பது என்று தேடும்போதெல்லாம் கிங் கிரிம்சன் என்ற ஆங்கிலேய ராக் குழுவின் கிட்டார்க்காரர் ராபர்ட் ஃபிரிப்பிடம்தான் நான் போய் நிற்கிறேன்.

அண்மையில் ஒருவர் வந்து இந்தப் பையன்களிடம் பேசிவிட்டுப் போயிருக்கிறார். ஆல்பம் ஒன்று பதிவு செய்து தருவாராம், கையில் மொத்தமாக ஒரு தொகை தருவாராம், அதற்குப் பிறகு பதிவு முழுக்க அவருடையதாம். பையன்களுக்கு ஆசை வந்துவிட்டது. எப்படி வாசிப்பது, வாசித்தது யாருக்குச் சொந்தம் என்ற இரண்டு கேள்வியையும் வாழ்நாள் முழுக்கக் கையில் வைத்துக்கொண்டு உழைத்தவர் ஃபிரிப். அதனால் அவரைப் பற்றியே இழை தொடங்குகிறேன்.

1946-இல் இங்கிலாந்தின் டோர்செட் பகுதியில் விம்போர்ன் என்ற சின்ன ஊரில் பிறந்தார். அப்பாவுக்கு வீடு, நிலம் விற்றுக் கொடுக்கும் தொழில். இவரும் சில காலம் அந்த அலுவலகத்தில் வேலை பார்த்தார். பதினொரு வயதில் கிட்டார் கைக்கு வந்தது. இடக்கைப் பழக்கம் உள்ளவர், ஆனாலும் வலக்கைக்காரர்கள் பிடிக்கிற மாதிரியே பிடித்துப் பழகினார். ஆரம்பத்தில் தனக்குச் சுருதியும் தெரியாது, தாளமும் வராது என்று அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். 1969 ஜனவரியில் கிங் கிரிம்சன் ஒத்திகை தொடங்கியது. ஜூலை 5 அன்று லண்டன் ஹைட் பார்க்கில் ரோலிங் ஸ்டோன்ஸ் நடத்திய இலவசக் கச்சேரியில், பல லட்சம் பேர் முன்னால் வாசித்தார்கள். அக்டோபரில் முதல் ஆல்பம் வந்தது. அந்த வருடம் முடிவதற்குள் குழுவில் இரண்டு பேர் விலகிவிட்டார்கள், பாடகர் கிரெக் லேக்கும் அடுத்துப் போய்விட்டார்.

அதற்குப் பிறகு குழு கலைவதும் சேர்வதுமாகவே போனது. ஒரு கட்டத்தில் பேஸ் வாசிக்க ஆளே இல்லை. பாடகராகச் சேர்ந்த பாஸ் பரெலுக்கு பேஸ் கிட்டாரைக் கையில் கொடுத்து ஃபிரிப்பே சொல்லிக் கொடுத்தார். 1972-இல் யெஸ் குழுவை அதன் உச்சத்தில் விட்டுவிட்டு டிரம்மர் பில் புரூஃபர்ட் இங்கே வந்தார். ஜான் வெட்டன் பேஸ், டேவிட் கிராஸ் வயலின், ஜேமி மியூர் தாளக் கருவிகள். மியூர் மட்டும் அடுத்த ஆண்டே விலகிவிட்டார், மிஞ்சியது நான்கு பேர். எனக்கு மிகவும் பிடித்த காலம் இதுதான்.

பையன்களுக்கு நான் முதலில் போட்டுக் காட்டியது அந்தக் காலத்துப் பதிவு ஒன்று, பெயர் ‘ட்ரையோ’. 1973 நவம்பரில் ஆம்ஸ்டர்டாம் கச்சேரியில், முன்கூட்டி எதுவும் பேசிக்கொள்ளாமல் மேடையிலேயே உண்டாக்கியது. வயலின் மெல்ல எழும், மெலட்ரான் (டேப்பில் பதிந்த ஒலிகளை எழுப்பும் விசைப்பலகைக் கருவி) கூடச் சேரும், அடியில் பேஸ். டிரம்ஸ் மட்டும் கடைசி வரை வராது. புரூஃபர்ட் இரண்டு குச்சிகளையும் மார்பின் குறுக்கே வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அடித்தால் இது கெட்டுவிடும் என்று அவருக்குப் புரிந்தது. அடுத்த ஆண்டு ஆல்பத்தில் அது வந்தபோது, இசை அமைத்தவர்களில் அவர் பெயரும் இருந்தது. அடிக்காமல் இருந்ததும் அந்த இசைக்கு அவர் தந்த பங்கு என்று மற்ற மூன்று பேரும் எடுத்துக்கொண்டார்கள்.

நம் குழுக்களில் ஒருவர் நிறுத்தினால் என்ன நடக்கும்? பக்கத்தில் இருப்பவர் முழங்கையால் இடிப்பார். பதினைந்து பேர் நின்றால் பதினைந்து பேரும் அடித்துக்கொண்டே இருக்க வேண்டும். நான் பேச விரும்புவது இதைத்தான்.

உறுமிப் பையன் (சுங்கை சிப்புட்)

அண்ணா, அன்றைக்கே கேட்க நினைத்தேன். அடிக்காத ஆளுக்கு எப்படிக் காசு போகும்? மற்றவர்கள் ஒத்துக்கொண்டார்களா? எங்கள் குழுவில் இப்படிச் செய்தால் சண்டைதான் வரும்.

லயத்துக் கிட்டார்

தம்பி, ஒரு பாட்டை இயற்றியவர்களாக யார் யார் பெயர் போடப்படுகிறதோ, அந்தப் பாட்டின் உரிமைத் தொகை அவர்களுக்குள் பிரியும். ‘ட்ரையோ’வில் நான்கு பெயர். மேடையில் நான்கு பேர் இருந்தார்கள், நான்கு பேரும் சேர்ந்து எடுத்த முடிவுதான் அந்த ஒலி. உங்கள் குழுவில் சண்டை வரும் என்கிறாய். யாருக்கு என்ன பங்கு என்று முன்னாலேயே பேசி எழுதி வைக்காவிட்டால் எந்தக் குழுவிலும் வரும்.

பழைய கேசட் (தைப்பிங்)

நல்ல இழை தம்பி. எழுபதுகளின் கடைசியில் பினாங்கில் ஒரு சீனர் கடையில் கேசட்டில் பதிந்து கொடுப்பார்கள். அங்கேதான் ‘ரெட்’ ஆல்பத்தை முதலில் கேட்டேன். அந்தக் கடைசிப் பாட்டு ‘ஸ்டார்லெஸ்’ இன்றைக்கும் என்னை உலுக்கும்.

ஆனால் ஒரு விஷயத்தில் ஃபிரிப்பை நான் மன்னிக்கவில்லை. 1974-இல் அந்தக் குழு எப்படி இருந்தது? வெட்டனும் புரூஃபர்ட்டும் உச்சத்தில் இருந்தார்கள். ஆல்பம் தயார். அது கடைக்கு வருவதற்குச் சில நாட்களுக்கு முன்னால் கிங் கிரிம்சன் முடிந்தது என்று செப்டம்பரில் அறிவித்துவிட்டார். கூட இருந்தவர்களின் பிழைப்பு என்ன ஆவது? குழு என்றால் ஒருவருடைய மனநிலைக்காக மூடுகிற கடையா? பிறகு ஆன்மிகக் குரு ஜே. ஜி. பென்னெட்டின் சீடர்கள் நடத்திய பத்து மாதப் பயிற்சிக்கு ஷெர்போர்ன் போய் உட்கார்ந்துகொண்டார். அவருக்கு அமைதி கிடைத்திருக்கலாம். வெட்டன் அடுத்தடுத்து எத்தனை குழுவுக்கு அலைய வேண்டி வந்தது என்று பாருங்கள்.

லயத்துக் கிட்டார்

அண்ணே, கூட இருந்தவர்கள் காயப்பட்டார்கள் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. வெட்டன் தொடர விரும்பினார், புரூஃபர்ட்டும் விரும்பினார். ஆனால் தொடர்ந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பதையும் பார்க்க வேண்டும். அந்தக் காலத்தில் பெரிய பிராக் (புரோகிரெசிவ் ராக்) குழுக்கள் எல்லாம் பெரிய மேடை, பெரிய லோரி, பெரிய செலவு என்று ஊதிக்கொண்டே போனார்கள். ஃபிரிப் அதிலிருந்து இறங்கினார். இறங்கியதால்தான் அடுத்தது எல்லாம் பிறந்தது.

டேப் விஷயத்தையே பாருங்கள். 1972-இல் இசைக்கலைஞர் பிரையன் ஈனோ வீட்டில் இரண்டு ரெவாக்ஸ் டேப் ரெக்கார்டர்களைப் பக்கத்துப் பக்கத்தில் வைத்திருந்தார்கள். டேப் முதல் பெட்டியில் கிளம்பி, நடுவில் உள்ள வெற்றிடத்தைக் கடந்து, இரண்டாவது பெட்டியில் போய்ச் சுற்றிக்கொள்ளும். முதல் பெட்டி பதியும், இரண்டாவது பெட்டி சில விநாடி கழித்து அதைத் திரும்ப ஒலிக்கும். அந்த ஒலியை மறுபடி முதல் பெட்டிக்கே அனுப்பினால், பழைய ஒலியோடு புதியது சேர்ந்து பதியும். பெட்டிகளைத் தள்ளி வைத்தால் ஒலி திரும்பி வரும் நேரம் கூடும், நெருக்கினால் குறையும். ஒவ்வொரு சுற்றிலும் பழைய ஒலி கொஞ்சம் மங்கும். டெர்ரி ரைலி, பாலின் ஒலிவெரோஸ் போன்றவர்கள் இந்த வழியை ஏற்கெனவே பயன்படுத்தியிருந்தார்கள். ராக் கிட்டாரைக் கொண்டுவந்து அதில் வைத்தவர் ஃபிரிப். 1973-இல் அது ஆல்பமாக வந்தது. பிற்பாடு தனியாக அந்தப் பெட்டிகளைத் தூக்கிக்கொண்டு இசைத்தட்டுக் கடை, பீட்சாக் கடை, அலுவலகம் என்று 1979-இல் சுற்றுப்பயணமே போனார். ஒரு ஆள், ஒரு கிட்டார், இரண்டு பெட்டி. ‘சின்னதாக, நகரக்கூடியதாக, புத்தியுள்ளதாக’ இருக்க வேண்டும் என்பது அவர் கொள்கை.

பெரிய ஸ்பீக்கர் வாடகைக்கே வாங்குகிற பணமெல்லாம் போகிறது என்று புலம்புகிற நம் குழுக்கள் இந்த வருடங்களைத்தான் முதலில் படிக்க வேண்டும்.

பழைய கேசட்

சின்னதாக இருக்கட்டும், வேண்டாம் என்று சொல்லவில்லை. தனியாகப் போகும் சுதந்திரம் இருந்தது அவருக்கு, போனார். கூட்டாகச் செய்ததைக் கலைக்கிற உரிமை ஒருவருக்கு மட்டும் எப்படி வந்தது என்பது என் கேள்வி. அதற்கு நீ பதில் சொல்லவில்லை.

நேர்ப்பேச்சு (சுங்கைப்பட்டாணி)

குறுக்கே வருவதற்கு மன்னிக்கவும். உறுமி என்பது சாமிக்கு அடிக்கிற கருவி. காவடி எடுக்கிறவனுக்கு அருள் வர வேண்டும், கால் வலி மறக்க வேண்டும். அதற்குள் ஒரு வெள்ளைக்காரரின் டேப் பெட்டி எதற்கு? ஏற்கெனவே சினிமா மெட்டில் பக்திப் பாட்டு போட்டுக் கெடுத்தாயிற்று. இப்போது ராக்.

நம் பையன்களுக்கு வேண்டியது மூத்தவர்களிடம் உட்கார்ந்து பழைய அடிகளைக் கற்றுக்கொள்வது. எங்கள் பக்கம் தோட்டங்களை வளர்ச்சிக்காக எடுத்துக்கொண்ட பிறகு ஆட்கள் சிதறிவிட்டார்கள். அந்தந்தத் தோட்டத்துக்கென்று இருந்த அடிகள் ஆளோடு போயே போய்விட்டன. அதைக் காப்பாற்ற ஆள் இல்லை, இங்கிலாந்துக்காரர் கதைக்கு இழை ஓடுகிறது.

சொற்கட்டு (கோலகங்சார்)

நேர்ப்பேச்சு அவர்களின் ஆதங்கம் நியாயமானது. தமிழ்ப்பள்ளியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான், மிருதங்கம் சொல்லிக் கொடுக்கிறேன். எனக்கும் அந்த வலி உண்டு. ஆனால் இவர்கள் பேசும் இசையை என் மாணவன் ஒருவன் போட்டுக் காட்டினான். கேட்டவுடனே விரல் விட்டு எண்ணத் தோன்றியது. நான் எண்ணியதைச் சொல்கிறேன்.

பழைய கேசட் சொன்ன ‘ஸ்டார்லெஸ்’ பன்னிரண்டு நிமிடத்துக்கும் மேல் ஓடுகிறது. நடுப்பகுதியில் பேஸ் ஒரே சொற்றொடரைத் திரும்பத் திரும்ப வாசிக்கிறது, அது 13 எண்ணிக்கை. நம் வழியில் பிரித்துப் பாருங்கள்: தகதிமி, தகதிமி, தகதகிட. நான்கு, நான்கு, ஐந்து. அதற்கு மேல் கிட்டார் ஒரே ஒரு ஸ்வரத்தைப் பிடித்துக்கொண்டு நிற்கிறது. அதே ஸ்வரத்தை இரண்டு தந்திகளில் மாற்றி மாற்றி அடிக்கிறார், பிறகு மெல்ல மெல்ல ஏறுகிறார். வித்தை எதுவும் காட்டவில்லை. டிரம்ஸ் முதலில் அங்கங்கே பொட்டு வைத்துவிட்டுப் போகிறது, போகப் போகத்தான் நெருங்கி வருகிறது. ஐந்து நிமிடம் போல ஒரு ஸ்வரத்திலும் 13 எண்ணிக்கையிலும் இந்த அளவு இறுக்கத்தை உண்டாக்குவது பெரிய வேலை.

இன்னொன்று, 1981-இல் வந்த ‘ஃபிரேம் பை ஃபிரேம்’. இரண்டு கிட்டார், ஃபிரிப்பும் ஏட்ரியன் பெலூவும். இருவரும் ஒன்றாகவே ஆரம்பிக்கிறார்கள். ஏழு ஏழாக, அதாவது 14 துடிப்புக்கு ஒரு சுற்று. நடுவில் ஒருவர் தன் சொற்றொடரில் ஒரு ஸ்வரத்தை விட்டுவிடுகிறார், அவர் சுற்று 13 ஆகிறது. அடுத்த சுற்றில் ஒரு துடிப்பு விலகல், அதற்கடுத்ததில் இரண்டு. நிறுத்தாமல் ஓடவிட்டால் 182-ஆவது துடிப்பு முடிந்த பிறகுதான் இருவரும் ஒரே இடத்தில் மறுபடி தொடங்குவார்கள். மிஸ்ரத்தின் (ஏழு எண்ணிக்கை) மேல் வேறு கணக்கை ஓட்டி சமத்துக்கு (தாளம் தொடங்கும் இடத்துக்கு) வந்து சேர்வது நமக்குப் பழகிய விஷயம். ஆனால் நாம் பெரும்பாலும் தாளத்தைக் கையில் நிலையாகப் பிடித்துக்கொண்டு அதன் மேல் விளையாடுகிறோம். இங்கே எது தாளம், எது மேலே ஓடுகிற கணக்கு என்றே தெரியவில்லை. இரண்டுக்கும் சம மரியாதை.

உறுமிப் பையன்களுக்கு ஐந்தும் ஏழும் புதிது இல்லை. கையில் இருக்கிறது, பெயர் சொல்லித்தான் தெரியாது. பழைய அடிகளைக் காப்பாற்றவும் எண்ணத் தெரிய வேண்டும். எண்ணிக்கை போட்டு எழுதி வைத்தால் ஆள் சிதறினாலும் அடி சிதறாது. அந்த வகையில் இந்த இரண்டு வேலையும் ஒன்றுக்கொன்று எதிரி இல்லை என்று நினைக்கிறேன்.

நேர்ப்பேச்சு

ஐயா, எழுதி வைப்பது பற்றிச் சொன்னதை ஏற்கிறேன். எங்கள் பக்கத்தில் இன்னும் ஓரிரு பெரியவர்கள் இருக்கிறார்கள். கையில் இருக்கும்போதே பதிந்து எழுத வேண்டும். ஆனால் கோயிலில் அடிப்பது வேறு, மேடையில் அடிப்பது வேறு என்ற என் கருத்தில் மாற்றம் இல்லை. காவடிக்கு முன்னால் 13-ஐயும் 14-ஐயும் மோத விடக் கூடாது. எடுக்கிறவனின் கால் பின்னும்.

லயத்துக் கிட்டார்

அதில் உங்களோடுதான் நிற்கிறேன். கோயிலில் கிட்டாரே வராது. நாங்கள் ஞாயிறு உட்காருவது பொது மண்டபத்தில்.

சொற்கட்டு ஐயாவின் பதிவை அச்செடுத்துப் பையன்களுக்குக் கொடுக்கப் போகிறேன். எண்பதுகளின் அந்தக் குழுவைப் பற்றி ஒன்று சேர்க்கிறேன். பெலூ, டோனி லெவின், புரூஃபர்ட், ஃபிரிப் நான்கு பேர். அந்தக் கிட்டார் பின்னல் கேமலான் என்ற வெண்கலத் தாளக் கருவிக் குழு இசையை ஒட்டியது என்று பலரும் சொல்வார்கள். நமக்கு கேமலான் அந்நியம் இல்லை, திரெங்கானுவிலும் பகாங்கிலும் அரண்மனையில் வளர்ந்தது. ஆளுக்கொரு சின்ன அடி, சேர்ந்தால்தான் மெட்டு. ஒருவர் அடியை மட்டும் தனியாகக் கேட்டால் அதில் ஒன்றுமே இருக்காது. ஃபிரிப் அந்த 1981 ஆல்பத்தில் முன்னால் வந்து நீளமாகத் தனி வாசிப்பது மிகக் குறைவு. முதல் ஆல்பத்தில் உலகமே கேட்ட கிட்டார்க்காரர் அவர். ஸ்டூலில் உட்கார்ந்து, பக்கத்தில் இருப்பவரின் இடைவெளியில் தன் ஸ்வரத்தை வைக்கிறார்.

பட்டர்வொர்த் பேஸ்

அவர் வாசித்தது நம் எல்லோர் காதிலும் விழுந்திருக்கிறது என்பதை யாரும் சொல்லவில்லையே. விண்டோஸ் விஸ்டா கணினி திறக்கும்போது வரும் சில விநாடி ஒலிக்கு வாசித்துப் பதிந்தவர் ஃபிரிப். பள்ளிக் கணினி அறையில் வரிசையாக எல்லாப் பெட்டியையும் திறந்துவிடுவோம், அந்த ஒலி ஒன்றன்பின் ஒன்றாக வரும். டேவிட் போவியின் ‘ஹீரோஸ்’ பாட்டில் பின்னால் நீளமாக அழுகிற கிட்டாரும் அவர்தான், 1977, பெர்லின். தயாரிப்பாளர் டோனி விஸ்கான்டி அதைப் பற்றிச் சொல்லியிருக்கிறார். ஒவ்வொரு ஸ்வரமும் ஸ்பீக்கரிலிருந்து எவ்வளவு தூரத்தில் நின்றால் தானாக நீண்டு ஒலிக்கும் என்று பார்த்து, தரையில் அடையாளம் வைத்துக்கொண்டாராம். அந்தந்த ஸ்வரம் வரும்போது அந்தந்த இடத்துக்கு நகர்ந்து நின்று வாசித்திருக்கிறார். அப்படி வாசித்த மூன்று பதிவுகளையும் ஒன்றாகச் சேர்த்தார்கள்.

நாங்கள் மண்டபத்தில் வாசிக்கும்போது ஃபீட்பேக் (ஸ்பீக்கர் ஒலி திரும்பிப் புகுந்து கூவுவது) வந்தால் உடனே சவுண்ட் ஆளைத் திட்டுவோம். இதைப் படித்த பிறகு நானும் ஒருமுறை தரையில் டேப் ஒட்டிப் பார்த்தேன். இரண்டு ஸ்வரம் நிச்சயமாகப் பிடிபடுகிறது.

நாலு நரம்பு (ஈப்போ)

வயலின் சொல்லிக் கொடுக்கிறேன். ஃபிரிப் எண்பதுகளில் கிட்டாரின் சுருதி சேர்க்கையையே மாற்றினார் என்பதையும் பேச வேண்டும். தடித்த நரம்பிலிருந்து மெல்லியது வரை ஸி, ஜி, டி, ஏ, ஈ, ஜி. முதல் ஐந்தும் ஒவ்வொன்றாக ஐந்தாவது ஸ்வர இடைவெளி, ச-ப போல. மேற்கத்திய வயலினும் செல்லோவும் இந்த இடைவெளியில்தான். நம் கர்நாடக வயலினில் ச-ப-ச-ப என்று வைக்கிறோம், அதனால் நடுவில் ஒரு இடைவெளி மட்டும் மாறும்.

ஐந்து ஐந்தாகப் போவதால் கிட்டாரின் எல்லை கீழேயும் மேலேயும் விரிகிறது. அதே சமயம் பழகிய விரல் வடிவங்கள் ஒன்றும் செல்லாது. கைக்குத் தெரிந்ததையே கை வாசித்துக்கொண்டு போவதை நிறுத்துவதற்கு இதைவிட நல்ல வழி இல்லை. 1985-இல் அமெரிக்காவின் மேற்கு வர்ஜீனியாவில் கிட்டார் கிராஃப்ட் என்று வகுப்பு ஆரம்பித்து, வருகிற எல்லோரையும் இந்தச் சுருதியில்தான் உட்கார வைத்தார். பல ஆண்டு வாசித்தவரும் புதிதாக வந்தவரும் அங்கே ஒரே இடத்தில் தொடங்க வேண்டும்.

அந்த வகுப்பில் வட்டமாக உட்கார்ந்து செய்யும் பயிற்சி ஒன்று உண்டு. ஒருவர் ஒரு ஸ்வரம் வாசிப்பார், பக்கத்தில் இருப்பவர் அடுத்ததை, அப்படியே வட்டம் சுற்றும். மெட்டு ஒருவரிடமும் முழுதாக இருக்காது. என் பிள்ளைகளிடம் மாயாமாளவகௌளை சரளி வரிசையை இப்படிச் செய்ய வைக்கிறேன். ஆளுக்கொரு ஸ்வரம். ஒரு பிள்ளை கவனம் சிதறினால் எல்லோருக்கும் உடனே தெரிகிறது. யாரும் யாரையும் அதட்ட வேண்டியதில்லை, அவர்களே நிமிர்ந்து உட்காருகிறார்கள். உறுமிக் குழுவுக்கு இது நன்றாகப் பொருந்தும் என்பது என் எண்ணம்.

உறுமிப் பையன்

அக்கா, நேற்று ராத்திரி பொது மண்டபத்துக்கு வெளியே இதைச் செய்து பார்த்தோம். ஏழு பேர் இருந்தோம். தவில் ஒன்று, பம்பை ஒன்று, மற்றது உறுமி. ஆளுக்கு ஒரு அடி. முதலில் ஒரே குழப்பம். உறுமியில் வளைந்த குச்சியைத் தேய்த்து இழுக்கிறபோது சத்தம் நீளும் இல்லையா, அடுத்தவன் எங்கே ஆரம்பிப்பது என்று தெரியவில்லை. அப்புறம் தேய்க்கிறவன் இழுப்பை நிறுத்துகிற இடத்தைக் கேட்டு அடுத்தவன் அடித்தான். பிடித்துக்கொண்டது. ஏழு பேர், ஆளுக்கொரு அடி, அதுவே ஏழு எண்ணிக்கை ஆகிவிட்டது. ஒருத்தன் வேலைக்குக் கிளம்பினான், ஆறாகிவிட்டது, உடனே எல்லாம் மாறிவிட்டது. சூப்பராக இருந்தது அக்கா.

சொற்கட்டு

தம்பி, மிக நன்று. அடுத்த முறை ஒருவர் கிளம்பியதும் அவர் இடத்தைக் காலியாக விட்டு, ஏழையே எண்ணுங்கள். அந்தக் காலி இடத்தை எல்லோரும் உள்ளே எண்ண வேண்டும். அது இன்னும் கடினம்.

கோப்புக்காரி (கிள்ளான்)

இழையின் முதல் பதிவில் இருந்த ஒப்பந்த விஷயத்தை எல்லோரும் மறந்துவிட்டீர்கள். வழக்கறிஞர் அலுவலகத்தில் வேலை பார்க்கிறேன், அதனால் சொல்கிறேன்.

நம் மலேசியாவில் 1987-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் இருக்கிறது. பதிவுசெய்த ஒலிக்கு உரிமை தானாகவே உண்டாகிறது, வெளியான பிறகு ஐம்பது ஆண்டு நிற்கும். ஆனால் யாருக்கு உண்டாகிறது என்பதில்தான் சிக்கல். ஒலிப்பதிவைப் பொறுத்தவரை, பதிவுக்கான ஏற்பாட்டைச் செய்தவரைத்தான் சட்டம் அதன் கர்த்தாவாகப் பார்க்கிறது. அதுபோல ஒருவர் பணம் கொடுத்துச் செய்து தரச் சொன்ன படைப்பின் உரிமை, வேறு மாதிரி எழுதி வைக்காவிட்டால், சொன்னவருக்கே போகும். அதாவது எழுத்தில் ஒன்றும் இல்லாமல் “பிறகு பார்த்துக்கொள்ளலாம் தம்பி” என்று போனாலே, பையன்கள் கையில் ஒன்றும் மிஞ்சாமல் போகலாம். என் உறவுக்காரர் ஒருவரின் குழுவுக்கு இதுதான் நடந்தது. தங்கள் பதிவையே யூடியூபில் போட முடியவில்லை. போட்டால் புகார் வந்து எடுத்துவிடுகிறார்கள்.

ஐம்பது ஆண்டு என்பது சின்ன விஷயம் இல்லை. கிங் கிரிம்சன் 1969-இல் பதிந்த பாட்டின் ஒரு துண்டை 2010-இல் அமெரிக்க ராப் பாடகர் கான்யே வெஸ்ட் தன் பாட்டில் சாம்பிளாக எடுத்தார். 41 ஆண்டு கழித்தும் அந்தப் பதிவுக்கு வேலை இருந்தது.

லயத்துக் கிட்டார்

தங்கச்சி, சரியான நேரத்தில் வந்தீர்கள். பழைய கேசட் அண்ணனின் கேள்விக்கும் இங்கேதான் எனக்குப் பதில் கிடைக்கிறது.

தன் பழைய பதிவுகளின் உரிமைக்காக முன்னாள் நிர்வாக நிறுவனத்தோடு தொண்ணூறுகளில் பல ஆண்டு வழக்கு, கடிதம், வழக்கறிஞர் என்று போராடினார் ஃபிரிப். ஒரு இசைக்கலைஞனின் நல்ல வருடங்கள் அப்படிப் போயின. அந்தச் சண்டை நடக்கும்போதே 1992-இல் டேவிட் சிங்கிள்டனோடு சேர்ந்து டிஸிப்ளின் குளோபல் மொபைல் என்ற சொந்த நிறுவனத்தைத் தொடங்கினார். அங்கே வெளியாகும் இசையின் உரிமை வாசித்தவரிடமே இருக்கும், நிறுவனம் அவர் சார்பாக விற்றுக் கொடுக்கும், அவ்வளவுதான். அதை ஆல்பத்தின் அட்டையிலேயே அச்சடித்தார்கள். பழைய கச்சேரிப் பதிவுகளைத் தேடியெடுத்துச் சுத்தம் செய்து நேரடியாகக் கேட்பவர்களுக்கு விற்றார்கள். 1973, 1974-இல் வாசித்த வெட்டனும் கிராஸும் புரூஃபர்ட்டும் அதனால்தான் பிற்காலத்தில் மறுபடி கேட்கப்பட்டார்கள். 1974-இல் கலைத்தது ஒருவர் முடிவு என்பது உண்மை. ஆனால் அந்த நான்கு பேர் செய்ததை நான்கு பேருடையதாகப் பாதுகாக்க அவர் பட்ட பாட்டையும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டும்.

பழைய கேசட்

பார்க்கிறேன். கலைத்த விதம் தவறு என்பதில் நான் அசையவில்லை. ஆனால் பதிவுகளைக் காப்பாற்றியதற்கு நன்றி சொல்ல வேண்டும் என்பதில் தகராறு இல்லை. ஆம்ஸ்டர்டாம் கச்சேரி முழுப் பதிவும் என்னிடம் இருக்கிறது. அந்தப் பையன்கள் கேட்க வேண்டும் என்றால் கொண்டுவந்து தருகிறேன்.

அப்புறம் கடைசிக் காலத்துக் குழுவை யாரும் தொடவில்லை. 2014-இலிருந்து மூன்று டிரம்மர்களை மேடையின் முன்வரிசையில் உட்கார வைத்தார், ஃபிரிப் பின்வரிசையில் உயரத்தில். தாளக்காரர்கள்தான் முகப்பு. மூன்று பேரும் ஒரே அடியை மும்மடங்கு சத்தமாக அடிக்கவில்லை. ஒரு வரியை மூன்றாகப் பிரித்து, ஒருவர் விட்ட இடத்தில் அடுத்தவர் எடுத்தார். 2021 டிசம்பர் 8, தோக்கியோ, அதோடு அந்தப் பயணத்தை முடித்துக்கொண்டார்கள். இந்த முறை எல்லோரும் முடிவை அறிந்தே மேடை ஏறினார்கள். அதை நான் மதிக்கிறேன். பையன்களுக்கு முதலில் காட்ட வேண்டிய காணொளி இதுதான்.

உறுமிப் பையன்

ஐயா, மூன்று டிரம்ஸ் காணொளியை இப்போதுதான் பார்த்தேன். குழு வாட்ஸ்அப்பில் போட்டுவிட்டேன். எல்லோரும் அதையே பேசுகிறார்கள். கோப்புக்காரி அக்கா, எங்களிடம் பேசிய அந்த ஆளிடம் என்ன கேட்க வேண்டும்? நாங்கள் கேட்டால் போய்விடுவாரோ என்று சிலருக்குப் பயம்.

கோப்புக்காரி

போகிறவர் போகட்டும் தம்பி. கேட்க வேண்டியது அதிகம் இல்லை. பதிவின் உரிமை குழுவிடமே இருக்க வேண்டும், அவர் செலவு செய்வதற்காகச் சில வருடம் மட்டும் விற்கும் அனுமதி கொடுங்கள், அந்த வருடத்தை எண்ணிக்கையில் எழுதுங்கள். வரும் பணத்தில் அவர் செலவு கழிந்த பிறகு யாருக்கு எத்தனை பங்கு என்று போடுங்கள். குழு பதிவு பெற்ற அமைப்பாக இல்லையென்றால் எல்லோர் பெயரையும் அடையாளக் கார்டு எண்ணோடு எழுதிக் கையொப்பம் இடுங்கள். அடிகளை உண்டாக்கியவர் யார் என்பதையும் உங்களுக்குள் ஒரு தாளில் எழுதி வையுங்கள். வேண்டுமானால் அறிவுசார் சொத்துக் கழகத்தில் பதிப்புரிமையை விருப்ப அறிவிப்பாகப் பதியலாம், கட்டாயம் இல்லை, ஆனால் பின்னால் தகராறு வந்தால் கையில் சான்று இருக்கும். அவர் தரும் தாளை எனக்குத் தனியாக அனுப்புங்கள், இங்கே போட வேண்டாம். எங்கள் அலுவலகத்தில் ஒருவரிடம் காட்டிவிட்டுச் சொல்கிறேன். அதுவரை யாரும் கையொப்பம் போடக் கூடாது.

நேர்ப்பேச்சு

தங்கச்சி சொன்னதில் ஒன்று சேர்க்க வேண்டும். கோயிலுக்கென்று இருக்கும் பழைய அடிகளை அந்த ஆல்பத்தில் போடுவதானால், அதை யாரோ ஒருவர் உண்டாக்கியதாகத் தாளில் எழுதக் கூடாது. எந்தத் தோட்டத்து அடி, யாரிடம் கற்றது என்று மட்டும் எழுதுங்கள். எங்கள் பக்கத்துப் பெரியவர்களிடம் நான் பேசுகிறேன். அவர்கள் சம்மதித்தால் சொற்கட்டு ஐயா வந்து எண்ணிக்கை போட்டுத் தர முடியுமா?

சொற்கட்டு

வருகிறேன். சுங்கைப்பட்டாணிக்குப் பள்ளி விடுமுறையில் வரலாம். அதற்கு முன் இந்த ஞாயிறு சுங்கை சிப்புட் மண்டபத்துக்கு வருகிறேன். பையன்கள் தகதிமி தகதிமி தகதகிட என்பதைக் கருவி இல்லாமல் வாயில் சொல்லிக் கையில் போட்டுப் பழகிவிட்டு வரட்டும். கிட்டார்த் தம்பி ஒரு ஸ்வரத்தை மட்டும் பிடித்துக்கொண்டு நிற்கட்டும்.

லயத்துக் கிட்டார்

சரி ஐயா. மாலை நான்கு மணிக்கு. பழைய கேசட் அண்ணனும் அந்தப் பதிவோடு வந்தால் நன்றாக இருக்கும். ஸ்பீக்கர் நான் கொண்டு வருகிறேன்.